சுவர் விழும்போது எங்கே நிற்பது? மௌனக் குறும்படங்களின் ஸ்லாப்ஸ்டிக் பற்றி

கேள்வி: "1910-களிலும் 20-களிலும் வந்த மௌனக் குறும்படங்களில் இருப்பதெல்லாம் தடுக்கி விழுவது, முகத்தில் க்ரீம் பை (pie என்ற பலகாரம்) வீசுவது, போலீஸ் துரத்துவது. இதைப் போய் ஏன் பெரிய கலை என்கிறார்கள்? சாப்ளினிடமும் கீட்டனிடமும் அப்படி என்ன இருக்கிறது?"

பதிலுக்குப் போகும் முன் ஒரு தடையை நகர்த்திவிடுகிறேன். தொலைக்காட்சியில் நம்மில் பலர் பார்த்த சாப்ளின் படபடவென்று கால் உதறி, வெட்டி வெட்டி நடப்பார். அந்த நடையில் பாதி அவருடையது இல்லை, படத்தை ஓட்டிய வேகத்தால் வந்தது. அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றுவார்கள். ஒரு சுற்றுக்கு 8 ஃப்ரேம், அதாவது 8 அசையாப் படம், நொடிக்கு இரண்டு சுற்று, ஆக நொடிக்கு ஏறக்குறைய 16 ஃப்ரேம். பேசும்படம் வந்த பிறகு ஒலிக்காக நொடிக்கு 24 என்று நிலைப்படுத்தினார்கள். பழைய படத்தை அந்த வேகத்தில் ஓட்டினால் எல்லாமே ஒன்றரை மடங்கு அவசரத்தில் நடக்கும். 1000 அடி ரீல் ஒன்றில் 16,000 ஃப்ரேம் இருக்கும். நொடிக்கு 16 என்று ஓட்டினால் அது 16 நிமிடம் 40 நொடி வரும். 24 என்று ஓட்டினால் 11 நிமிடத்தில் முடிந்துவிடும்.

வேகத்தை நகைச்சுவைக்காரர்களே வேண்டுமென்று கூட்டியதும் உண்டு. துரத்தல் காட்சிகளில் கேமராவை மெதுவாகச் சுற்றச் சொல்வார்கள், திரையில் அது பாய்ச்சலாகத் தெரியும். அது கணக்குப் போட்டு வைத்த அவசரம். அதற்கும் மேல் இன்னொரு ஒன்றரை மடங்கைத் தெரியாமல் ஏற்றிவிட்டால், நடிகர் ஒரு கணம் தயங்கும் இடம் காணாமல் போய்விடும். ஸ்லாப்ஸ்டிக்கின், அதாவது விழுவது, அடிபடுவது என்று உடல் சேட்டையால் சிரிக்க வைக்கும் இந்த நகைச்சுவையின் உயிரே அந்தத் தயக்கத்தில்தான் இருக்கிறது. நல்ல மறுசீரமைப்புப் பிரதியில் ஒரு முறை பாருங்கள், அதே ஆள் வேறொரு நடிகராகத் தெரிவார்.

இப்போது கேள்விக்கு வருகிறேன்.

திரையில் வந்த முதல் நகைச்சுவை என்று பொதுவாகச் சொல்லப்படுவது 1895-இல் சினிமாவின் முன்னோடிகளான பிரான்ஸின் லூமியே சகோதரர்கள் காட்டிய ஒரு நிமிடத்துக்கும் குறைவான படம். தோட்டக்காரர் குழாயில் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் வந்த பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுவிடுகிறது. அவர் குழாயின் வாயை முகத்துக்கு நேரே பிடித்துப் பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். அவ்வளவுதான் கதை. ஆனால் இந்த வகைப் படங்கள் அத்தனைக்கும் வேண்டிய அடிப்படை அதிலேயே இருக்கிறது. தண்ணீர் அடிக்கும்போது வரும் சிரிப்பைவிட, அவர் குழாயைத் தூக்கிப் பார்க்கும் அந்த இரண்டு நொடியில் நமக்குள் ஏறும் சிரிப்புதான் பெரியது. நமக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. பையன், குழாய், தோட்டக்காரர் மூவரும் ஒரே ஃப்ரேமுக்குள் இருப்பதால்தான் நமக்குத் தெரிகிறது. கேமரா அவர் முகத்துக்கு அருகே போயிருந்தால் சிரிப்பு போயிருக்கும்.

இதை ஒரு தொழிற்சாலை ஆக்கியவர் மேக் சென்னட். கனடாவின் கியூபெக்கில் பிறந்தவர், பயோகிராஃப் பட நிறுவனத்தில் இயக்குநர் கிரிஃபித்தின் கீழ் வேலை பார்த்தவர். 1912-இல் கீஸ்டோன் நிறுவனம் தொடங்கியது, லாஸ் ஏஞ்சல்ஸின் ஈடன்டேல் பகுதியில் ஸ்டூடியோ. அவர்கள் படம் எடுத்த விதம் இன்றைக்கு நம்ப முடியாத அளவுக்குத் துடுக்கானது. ஊரில் எங்காவது அணிவகுப்பு, தீ, பந்தயம் என்றால் நடிகர்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு போய் அதன் நடுவே ஒரு படத்தை எடுத்து வந்துவிடுவார்கள். 1913-இல் எக்கோ பார்க் ஏரியின் தண்ணீரை வடித்தபோது அந்தச் சேற்றிலேயே ஒரு படம் எடுத்தார்கள். 1914-இல் வெனிஸ் என்ற கடற்கரை ஊரில் சிறுவர்களின் வண்டிப் பந்தயம் நடந்தது. அங்கே ஒரு கேமராவை வைத்து, அதன் முன்னால் திரும்பத் திரும்ப வந்து நின்று தொல்லை கொடுக்கும் ஓர் ஆளை விட்டார்கள். தொளதொள கால்சட்டை, இறுக்கமான கோட்டு, சின்ன மீசை, கைத்தடி. சாப்ளினின் அந்த நாடோடி வேடத்தை மக்கள் திரையில் முதன்முதலாகப் பார்த்தது அந்தப் படத்தில்தான். பின்னால் நிற்கும் கூட்டம் நிஜமான கூட்டம். முதலில் 'யார் இவன்' என்று பார்க்கிறார்கள், கொஞ்ச நேரத்தில் சிலர் சிரிக்கத் தொடங்குகிறார்கள். உலகமே பிறகு சிரித்த ஒருவரைப் பார்த்துச் சிரித்த முதல் முகங்களில் சில படச்சுருளில் பதிவாகி இருக்கின்றன. எனக்கு அந்தப் படத்தில் மிகப் பிடித்தது அதுதான்.

கீஸ்டோனைப் பேசும்போது மேபல் நார்மண்டை விட்டுவிட்டுப் பேசுவது வழக்கமாகிவிட்டது, அது நியாயமில்லை. அந்த ஸ்டூடியோவின் முதல் பெரிய நட்சத்திரம் அவர். 1914-இல் பல படங்களைத் தானே இயக்கினார், சாப்ளின் நடித்த சில படங்களும் அதில் அடக்கம். முகத்தில் பை வீசும் வித்தையை அவர்தான் தொடங்கினார் என்றுகூட ஒரு கதை உண்டு. அது சரியில்லை, 1909-லேயே பென் டர்ப்பின் என்ற நடிகர் முகத்தில் பை வாங்கிவிட்டார். மேபலின் பெருமைக்கு அந்தக் கதை தேவையும் இல்லை. சுற்றி எல்லோரும் கை காலை வீசி ஆடும்போது கண்ணால் மட்டும் பேசி நம்மைத் தன் பக்கம் இழுத்துவிடுகிற நடிப்பு அவருடையது.

உண்மையைச் சொன்னால், கீஸ்டோன் படங்கள் பலவற்றை இன்று உட்கார்ந்து பார்ப்பது சிரமம். யார் யாரை ஏன் அடிக்கிறார்கள் என்றே புரியாது. எல்லோரும் ஒரே உச்சத்தில் இருப்பார்கள். உங்கள் கேள்வியில் இருக்கும் சலிப்பு இந்தப் படங்களைப் பொறுத்தவரை நியாயமானதுதான். அந்தக் குழப்பத்துக்குள் நிதானத்தைக் கொண்டுவந்தவர்கள்தான் பெரிய கலைஞர்கள் ஆனார்கள்.

முதல் ஆள் சாப்ளின். அவருக்கு முன்பே பிரான்ஸில் பாத்தே நிறுவனத்துக்காக நடித்த மாக்ஸ் லிண்டர், பட்டுத் தொப்பி போட்ட கனவானாக வந்து, அலட்டாமல் சிரிக்க வைக்கலாம் என்று காட்டியிருந்தார். லண்டனில் ஃப்ரெட் கார்னோவின் மேடைக் குழுவில் பழகிய சாப்ளின் கீஸ்டோனுக்கு வந்தபோது சம்பளம் வாரத்துக்கு 150 டாலர். 1916-இல் மியூச்சுவல் நிறுவனம் கொடுத்தது ஓர் ஆண்டுக்கு 6,70,000 டாலர். இரண்டே ஆண்டு இடைவெளி. காசைவிட முக்கியம், அந்த ஒப்பந்தம் அவருக்கு வாங்கிக் கொடுத்த அவகாசம். கீஸ்டோனில் ஒரே ஆண்டில் 36 படம் நடித்தவர், மியூச்சுவலில் இரண்டு ரீல் படங்கள் 12 எடுக்க ஒன்றரை ஆண்டு எடுத்துக்கொண்டார்.

அந்தப் பன்னிரண்டில் 'தி பான் ஷாப்' என்று ஒன்று. அடகுக்கடையில் சாப்ளின் எடுபிடி. ஒருவர் அலாரம் கடிகாரத்தை அடகு வைக்க வருகிறார். சாப்ளின் அதை வாங்கி முதலில் ஸ்டெதஸ்கோப் வைத்துக் கேட்கிறார், நோயாளியின் நெஞ்சைத் தட்டுவதுபோல் விரலால் தட்டுகிறார். பிறகு தகர டப்பா திறப்பானால் அதன் முதுகை வெட்டித் திறக்கிறார். திறந்ததும் மூக்கருகே கொண்டுபோய் மோந்து பார்க்கிறார், உள்ளே இருப்பது கெட்டுப்போன மீனோ என்பதுபோல. தொலைபேசியின் ஒரு பாகத்தைக் கழற்றி நகைக்கடைக்காரரின் கண்ணாடிபோலக் கண்ணில் வைத்துக்கொள்கிறார். உள்ளிருக்கும் சுருள்வில்லை வெளியே இழுத்து, ஜவுளிக்கடையில் துணி அளப்பதுபோல் அளக்கிறார். மேசையில் கொட்டிய துண்டுகள் நெளிய, எண்ணெய் விட்டு அடக்குகிறார். கடைசியில் எல்லாவற்றையும் கூட்டி அள்ளி அந்த ஆளின் தொப்பிக்குள் போட்டு, 'இது வேண்டாம்' என்று தலையாட்டித் திருப்பிக் கொடுக்கிறார்.

இங்கே யாரும் விழவில்லை. கடிகாரம் சில நிமிடத்துக்குள் நோயாளி ஆகி, டப்பா ஆகி, மீன் ஆகி, துணி ஆகிவிடுகிறது. எதிரே நிற்கும் ஆல்பர்ட் ஆஸ்டின் ஒன்றும் செய்யாமல் பார்த்துக்கொண்டே இருக்கிறார். அந்த அசையாத முகம் இல்லாவிட்டால் காட்சி நிற்காது. நம் சார்பாக அவர் பொறுமை காக்கிறார்.

இதெல்லாம் படப்பிடிப்பில் அந்த நேரத்துக்குத் தோன்றியது என்று நினைக்க வேண்டாம். சாப்ளின் ஒத்திகையையே கேமராவை ஓடவிட்டுப் பார்த்தார். மியூச்சுவல் காலத்து மிச்சச் சுருள்களை வைத்து 1983-இல் கெவின் பிரவுன்லோவும் டேவிட் கில்லும் செய்த ஆவணப்படம் இதைக் கண்முன் காட்டியது. 'தி இமிக்ரன்ட்' (1917) உணவகத்தில் நடக்கும் படமாகத்தான் தொடங்கியது, அமெரிக்காவுக்கு வரும் கப்பல் பகுதி பிறகு சேர்ந்தது. உணவகக் காட்சியில் சிப்பந்தியாக முதலில் நடித்தவர் ஹென்றி பெர்க்மன். எடுத்து எடுத்துப் பார்த்துவிட்டு அவருக்குப் பதில் எரிக் கேம்ப்பெல் என்ற மலைபோன்ற ஆளைப் போட்டார். காரணத்தைப் படத்திலேயே பார்க்கலாம். பில்லில் பத்து சென்ட் குறைந்ததற்காக ஒரு வாடிக்கையாளரைச் சிப்பந்திகள் புரட்டி எடுக்கிறார்கள். சாப்ளினின் சட்டைப்பையில் ஓட்டை, காசு விழுந்துவிட்டது. இனி அவர் சாப்பிடும் ஒவ்வொரு வாயும் பயத்தோடுதான் இறங்கும். சிப்பந்தியைப் பார்த்து நமக்கும் பயம் வந்தால்தான் சிரிப்பு வரும், அதற்கு கேம்ப்பெல்லின் உருவம் தேவைப்பட்டது.

அடுத்தது பஸ்டர் கீட்டன். என் மனம் இவர் பக்கம்தான் சாயும், அதை மறைக்க விரும்பவில்லை.

1895-இல் கன்சாஸில் பிறந்தவர். பெற்றோர் மேடைக் கலைஞர்கள். மகனைத் தூக்கி எறிவதுதான் அந்தக் குடும்பத்தின் நிகழ்ச்சி. எறிய வசதியாகக் குழந்தையின் சட்டை முதுகில் பெட்டியின் கைப்பிடி ஒன்றைத் தைத்திருந்தார்கள். விழுந்து எழுந்ததும் தான் சிரித்தால் சபை சிரிப்பதில்லை என்பதைச் சின்ன வயதிலேயே கற்றுக்கொண்டார். பிறகு அவரது அடையாளமாகிப்போன அந்தச் சிரிக்காத முகம் அங்கிருந்து வந்தது. 1917-இல் நியூயார்க்கில் ரோஸ்கோ ஆர்பக்கிளின் படப்பிடிப்பைப் பார்க்கப் போனவர் அப்படியே 'தி புட்சர் பாய்' படத்தில் நடிக்க இறங்கிவிட்டார். சினிமா ஆர்வம் எப்படிப்பட்டதென்றால், கேமரா எப்படி வேலை செய்கிறது என்று பிரித்துப் பார்க்க ஆசைப்பட்ட ஆள்.

ஆர்பக்கிளைப் பற்றி இரண்டு வரி சொல்லாமல் போகக்கூடாது. பருமனான உடலோடு அவ்வளவு லாவகமாக ஆடிய நடிகர் அந்த நாளில் வேறு யாரும் இல்லை. 1921-இல் ஒரு நடிகையின் மரணத்தை ஒட்டி வழக்கில் மாட்டினார், மூன்று முறை விசாரணை நடந்தது. 1922 ஏப்ரலில் நடுவர் குழு அவரை விடுவித்ததோடு அவருக்கு அநீதி நடந்துவிட்டது என்று எழுதியும் கொடுத்தது. ஆனாலும் திரையுலகம் அவரை ஒதுக்கியது. வேறு பெயரில் படம் இயக்கித்தான் காலம் தள்ளினார். கீட்டன் கடைசிவரை அவர் பக்கம் நின்றார்.

ஸ்லாப்ஸ்டிக் எப்படி வளர்ந்தது என்று ஒரே ஒரு வித்தையைத் தொடர்ந்து போனாலே தெரிந்துவிடும். 1919-இல் ஆர்பக்கிளும் கீட்டனும் நடித்த 'பேக் ஸ்டேஜ்' படத்தில், மேடைக்காகச் செய்த வீட்டு முகப்பு ஆர்பக்கிள் மேல் சரிகிறது. சன்னல் திறப்பு அவர் நிற்கும் இடத்தில் வந்து விழ, அடிபடாமல் நிற்கிறார். அது துணியும் கட்டையும் சேர்ந்த மேடைத் தட்டி. மறு ஆண்டு கீட்டன் தன் சொந்தப் படமான 'ஒன் வீக்'கில் வீட்டுச் சுவரையே அப்படி விழவைக்கிறார். 1928-இல் 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' என்ற முழுநீளப் படத்தில் புயலில் ஒரு வீட்டின் முன்சுவர் முழுதாகப் பெயர்ந்து அவர் மேல் விழுகிறது. மேல்மாடிச் சன்னல் அவரைச் சுற்றி இறங்குகிறது. அந்தச் சுவரின் எடை இரண்டு டன் என்பார்கள். தோளுக்கும் சன்னல் சட்டத்துக்கும் நடுவே சில அங்குலம்தான் இடைவெளி. தந்திரக் காட்சி கிடையாது, வெட்டு கிடையாது. தரையில் குறித்த இடத்தில் அவர் அசையாமல் நின்றார், சுவர் விழுந்தது.

வீரத்தைக் காட்ட இதைச் சொல்லவில்லை. கேமரா எங்கே நின்றது என்று பாருங்கள். வீடு முழுவதும், அவர் உடல் முழுவதும் ஒரே ஷாட்டில் தெரியும் தூரத்தில். லூமியே படத்தின் தோட்டக்காரருக்கு இருந்த அதே தூரம். கீட்டன் இந்த விதியை விடவே இல்லை. ஆபத்தையும் ஆளையும் தனித்தனி ஷாட்டாகக் காட்டினால் பார்ப்பவர் நம்பமாட்டார், நம்பாவிட்டால் சிரிக்கமாட்டார்.

'ஒன் வீக்' 1920 செப்டம்பரில் வெளியான இரண்டு ரீல் படம். புதுமணத் தம்பதிக்கு உறவினர் ஒருவர் மனையும், பெட்டி பெட்டியாக வரும் பாகங்களைச் சேர்த்துத் தாங்களே கட்டிக்கொள்ளும் வீடும் பரிசாகத் தருகிறார். பெண்ணை இழந்த பழைய போட்டியாளன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். கட்டி முடித்த வீடு கோணல் மாணல். வெள்ளிக்கிழமை, 13-ஆம் தேதி, புதுமனை விருந்து. புயல் வர, வீடே விருந்தினரோடு ராட்டினம்போல் சுழல்கிறது. சுழலும் மேடை ஒன்றின் மேல் நிஜ வீட்டையே கட்டி அதை எடுத்தார்கள். மறுநாள்தான் தெரிகிறது, மனை மாறிக் கட்டிவிட்டோம், நம் மனை தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் என்று. வீட்டைக் காரில் கட்டி இழுக்கிறார்கள். அது சரியாகத் தண்டவாளத்தின் மேல் மாட்டிக்கொள்கிறது. ரயில் வருகிறது. இருவரும் கண்ணைப் பொத்திக்கொண்டு ஒதுங்குகிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அவர்களும் நாமும் மூச்சு விடுகிறோம். அந்த மூச்சு முடிவதற்குள் எதிர்த்திசையிலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைச் சுக்குநூறாக்குகிறது. கீட்டன் சற்று நேரம் பார்க்கிறார், குவியலில் 'விற்பனைக்கு' என்ற பலகையை வைக்கிறார், கட்டும் முறை எழுதிய தாளையும் கூடவே வைத்துவிட்டு மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கிறார்.

முதல் ரயிலே இடித்திருந்தால் அது விபத்து. நம்மை ஆசுவாசப்படுத்திவிட்டு இரண்டாவது இடிப்பதில்தான் வேலைப்பாடு இருக்கிறது. அந்த முடிவில் மனைவியை விட்டுவிட்டு அவர் மட்டும் போகவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். சிபில் சீலி நடித்த அந்தப் பெண் வாரம் முழுக்கக் கூடவே சுத்தியல் பிடித்து, விழுந்து, எழுந்து வேலை செய்தவள். வீடு போனது, ஜோடி நிற்கிறது. இவ்வளவையும் திரையில் எழுத்தாகக் காட்டும் ஒரு வசன அட்டைகூட விளக்கிச் சொல்வதில்லை.

ஹெரால்ட் லாய்டை இங்கே சுருக்கமாகத்தான் சொல்கிறேன், அவருடைய பெரிய சாதனைகள் முழுநீளப் படங்களில். 1917-இல் வட்டக் கண்ணாடி போட்டுப் பக்கத்து வீட்டுப் பையன் தோற்றத்துக்கு மாறினார். 1919-இல் புகைப்படத்துக்காகப் பிடித்திருந்த குண்டு நிஜமாகவே வெடித்து வலது கையின் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போயின. உயரமான கட்டடங்களில் தொங்கும் காட்சிகளில் பெரும்பாலானவை அதற்குப் பிறகு, கையுறைக்குள் செயற்கை விரல்களோடு எடுத்தவை.

மௌனப்பட காலம் முடியும் தறுவாயில் லாரல், ஹார்டி என்ற நகைச்சுவை ஜோடி சென்னட்டின் பாணியைத் தலைகீழாக்கியது. அவசரம் போய், மரியாதை வந்தது. 1929-இல் வந்த 'பிக் பிசினஸ்' படத்தில் கிறிஸ்துமஸ் மரம் விற்கப்போன இருவருக்கும் ஜேம்ஸ் ஃபின்லேசன் நடித்த வீட்டுக்காரருக்கும் தகராறு. அவர் இவர்கள் மரத்தை வெட்டுகிறார். இவர்கள் பொறுமையாகப் பார்த்துவிட்டு அவர் கதவில் கைவைக்கிறார்கள். அவர் பொறுமையாகப் பார்த்துவிட்டு இவர்கள் காரைப் பிய்க்கத் தொடங்குகிறார். ஒருவர் உடைக்கும்போது மற்றவர் தடுப்பதே இல்லை, தன் முறை வரட்டும் என்று காத்திருக்கிறார். கடைசியில் ஒரு வீடும் ஒரு காரும் மிஞ்சவில்லை.

க்ரீம் பை வீச்சைப் பற்றிக் கேட்டீர்கள். அதற்கான கடைசி வார்த்தையும் இவர்களுடையதுதான். 1927-இன் 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி' படத்தில் ஒரு தெருவே பை வீசுகிறது. மூவாயிரம் பை வீசப்பட்டதாகச் சொல்வார்கள். யாரும் காரணமில்லாமல் வீசுவதில்லை. ஒருவருக்குக் குறிவைத்தது இன்னொருவர் மேல் பட, அவர் துடைத்துக்கொண்டு, யோசித்து, பிறகு எடுக்கிறார். ஒரே ஒரு பெண், அனிதா கார்வின், தெருமுனையில் சறுக்கி ஒரு பையின் மேலேயே உட்கார்ந்துவிடுகிறார். எழுந்து, என்ன ஆயிற்று என்று புரிந்தும் புரியாததுபோல், ஒரு காலை லேசாக உதறிவிட்டு கௌரவத்தோடு நடந்து போகிறார். சண்டையில் சேரவே இல்லை. படத்திலேயே பெரிய சிரிப்பு அதற்குத்தான். இந்தப் படத்தின் இரண்டாவது ரீல் பல பத்தாண்டுகள் துண்டுதுண்டாகத்தான் கிடைத்தது, 2015-இல்தான் ஏறக்குறைய முழுதாகக் கண்டெடுக்கப்பட்டது.

இந்தப் படங்களில் மனம் ஒப்பாத இடங்களும் உண்டு. கறுப்பினத்தவரைக் கேலி செய்யும் முகச்சாயம், சீனர், யூதர் பற்றிய மலிவான கிண்டல். கீட்டன் படங்களிலும் இருக்கின்றன. அவற்றைக் 'காலம் அப்படி' என்று தள்ளிவிட எனக்கு மனமில்லை. குழந்தைகளுக்குப் போட்டுக் காட்டுவதானால் முன்கூட்டி ஒரு முறை பார்த்துவிடுங்கள்.

எதிலிருந்து தொடங்குவது என்றால், 'ஒன் வீக்'. அடுத்து 'தி இமிக்ரன்ட்'. மூன்றாவது 'பிக் பிசினஸ்'. ஒவ்வொன்றும் அரை மணி நேரத்துக்குள் முடியும். அமெரிக்காவில் மூன்றின் பதிப்புரிமைக் காலமும் முடிந்துவிட்டதால் இணையத்தில் எளிதாகக் கிடைக்கும், ஆனால் ஆட்கள் துள்ளித் துள்ளி நடக்கும் பிரதி என்றால் மூடிவிட்டு வேறொன்றைத் தேடுங்கள். பின்னணி இசை எரிச்சலாக இருந்தால் ஒலியை அணைத்துவிடலாம். முடிந்தால் நாலு பேரோடு சேர்ந்து பாருங்கள். இவை நிறைந்த கொட்டகைக்காக எடுத்த படங்கள். முதல் ரயில் கடந்து போனதும் பக்கத்தில் இருப்பவர் மூச்சு விடும் சத்தம் காதில் விழ வேண்டும், இரண்டாவது ரயில் வருவதற்குள்.